கமராவுக்கும் தேத்தண்ணி

உலகத்திலேயே கமராவுக்குத் தேத்தண்ணி கொடுக்கப் பார்த்த ஒரே மனிதர் எங்கள் வீச்சண்ணன்தான். வாவியில் வீச்சுவலை எறிபவர் என்பதால் அந்தப் பெயர். சொந்தப் பெயர் வாக்காளர் இடாப்பைத் தவிர வேறெங்கும் கிடையாது.

கொழும்பிலிருந்து ஆவணப்படக் குழுவொன்று எங்கள் ஊர் களுவாஞ்சிக்குடிக்கு வந்து, நடிக்கத் தெரியாத மீனவர் ஒருவர் வேண்டும் என்றபோது, அவரை மாட்டிவிட்டவன் நான். அன்று தொடங்கியது என் கஷ்டகாலம்.

டைரக்டர் தம்பி சொன்னது ஒன்றே ஒன்று: "அண்ணே, நாங்க இங்க இல்ல எண்டு நினைச்சிக்கிட்டு உங்கட வேலையப் பாருங்க."

அது எப்படி முடியும்? வாசலுக்கு வந்தவரைக் கவனிக்காமல் விட்டால் ஏழு ஊருக்குக் கதை போய்விடும். கிழிந்த வலையைப் பொத்துகிற காட்சியில் திரும்பி, "தம்பி, வெயிலுக்குள்ள நிக்கிறீங்க, தேத்தண்ணி குடிச்சிட்டுப் படம் புடிங்க" என்று கிளாஸை நீட்டினார். சோறு தின்கிற காட்சியில் ஒரு பிடி சோற்றைக் குழைத்துக் கமராவின் வாயருகே கொண்டுபோனார். லென்ஸ் கண்ணாடியில் சொதிக் குழம்பு வடிந்தது.

இரண்டு நாள் இதே கூத்து. "நாளைக்கும் சரிவரல்லெண்டா பக்கத்து ஊர் பெரியகல்லாற்றில வேற ஆளப் பாப்பம்" என்றார் டைரக்டர். அதைக் கேட்டதும் வீச்சண்ணனின் முகம் செத்துப்போனது.

கட்டாரில் வேலை செய்யும் மகள் அவரைப் பார்த்து நாலு வருடம். வீடியோ கோல் எடுத்தாலும் போனைக் காதில் ஒட்டிக்கொள்வார். அவள் கண்டதெல்லாம் தகப்பனின் காது மட்டும்தான். படத்திலாவது முகத்தைக் காட்டுவதாக வாக்குக் கொடுத்திருந்தார்.

"படத்தில வராட்டி மறுகா நான் புள்ளைக்கிட்ட பொய்யனாப் போறதா? வந்தவங்களக் காணாத மாதிரி எப்பிடி நிக்கிற?" என்று என் கையைப் பிடித்தார்.

மூன்றாம் நாள் காலை, பல்லைக் கடித்துக்கொண்டு வாவியில் இறங்கினார். கமராவைப் பார்க்காமலிருக்க அவர் கண்டுபிடித்த வழி, முதுகைக் காட்டுவது. முதல் வீச்சுக்கும் முதுகு, இரண்டாம் வீச்சுக்கும் முதுகு. கரையில் நின்று நான் வேண்டாத தெய்வமில்லை.

அப்போதுதான் கமராக்காரர் சேற்றில் புதைந்தார். முழங்கால் போனது, இடுப்பும் போனது. கமராவைத் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டு "அண்ணே!" என்று கத்தினார். வீச்சண்ணனின் தோள் குலுங்கியது, ஆனாலும் திரும்பவில்லை. அவர்கள்தான் அங்கே இல்லையே! இரண்டாவது தடவை கத்தியதும் வலையை விட்டெறிந்து பாய்ந்தார்.

"கால அசைக்காத புள்ள! பயப்படாத, நான் வாறன்! இந்தா வாறன்!"

கமராக்காரரை இழுத்துக் கரையில் போட்டார். கமரா நிற்காமல் ஓடிக்கொண்டிருந்திருக்கிறது. படத்தில் வீச்சண்ணன் வருவது அந்த அரை நிமிடம்தான்: திரை நிறையப் பயந்துபோன ஒரு முகம், தண்ணீரைக் கிழித்துக்கொண்டு நம்மை நோக்கி வருகிறது.

படம் பார்த்த அன்று மகள் எனக்குத்தான் கோல் எடுத்தாள். "மாமா, அப்பா என்னப் பாத்து வாறன் எண்ட மாதிரியே இரிந்திச்சி" என்று விம்மினாள்.

எனக்கும் அப்படித்தான் இருந்தது. அவளிடம் சொல்ல வெட்கப்பட்டேன், இங்கே எழுதிவிட்டேன்.