ஃபென்ஸ்கேவின் பின்னணி உரை

ஆவணப்பட வரலாற்றை இரண்டே பாகமாகப் பிரித்துவிடலாம். ஓட்டோகார் ஃபென்ஸ்கேவுக்கு முன்பு, படத்தில் வருகிறவர்கள் பேசித் தொலைத்தார்கள். அவர் வந்தபின் அந்தத் தொல்லை ஒழிந்தது.

கவிஞராகத் தொடங்கியவர். கவிதைகளை மனைவியே படிக்க மறுத்ததால், பின்னணி உரை எழுத வந்து, தானே வாசிக்கவும் செய்தார். அவருக்கு ஒலிப்பதிவு செய்யும் பாக்கியம் எனக்கு.

எங்கள் தொழிலில் ஒரு சம்பிரதாயம் உண்டு. ஒருவர் பேசுமுன், அவர் சும்மா எதையாவது செய்வதைப் படமெடுப்போம். அதன்மேல் அவரைப் பற்றிய அறிமுகம் ஒலிக்கும். அந்த அறிமுகத்தைப் படத்தின் கடைசிவரை நீட்டியதே ஃபென்ஸ்கேவின் 'புரட்சி'.

லவுசிட்ஸ் பக்கம் ஒரு கிராமத்தை நிலக்கரிச் சுரங்கம் விழுங்கவிருந்தது. ஊராட்சி மன்றத்தில் ஒரு ஓட்டு மாறினால் ஊர் பிழைக்கும். வாக்கெடுப்புக்கு முன்பே படம் ஒளிபரப்பாகும் என்பதால், ரோஸ்விதா நோவக் எங்களை வீட்டுக்குள் விட்டார். அதே சுரங்கத்தில் ராட்சத எந்திரம் ஓட்டி ஓய்வு பெற்றவர்.

"கோழிக்குத் தீனி போடுங்க மேடம்," என்றார் ஃபென்ஸ்கே.

"இப்பதானே போட்டேன்."

"இன்னொரு தடவை. கொஞ்சம் சோகமா."

"கோழி சந்தோஷமாத்தான் இருக்கு, சார். இதுக்கு மேல தின்னா செத்துப்போகும்."

பிறகு உட்கார்ந்து, தெளிவாகச் சொன்னார்: "எங்க மேயர் ஹாகன் ட்ரெப்டே தன் நிலத்தை ரகசியமா சுரங்கத்துக்கு வித்துட்டாரு. இப்ப அவரே மன்றத்துல ஓட்டும் போடப்போறாரு."

ஒளிபரப்புக்கு முன் ஊராருக்கான திரையிடல், ஊர்த் தீயணைப்புக் கூடத்தில், பீரும் உருளைக்கிழங்கு சாலடுமாக நடந்தது. மேயர் வாசலை ஒட்டி உட்கார்ந்தார். திரையில் ரோஸ்விதாவின் உதடுகள் அசைந்தன. ஃபென்ஸ்கேவின் குரல் முழங்கியது: "இவள் பேசவில்லை. இவளுக்குள் இலையுதிர்காலம் மூச்சு விடுகிறது."

மேயர் முன்வரிசைக்கு வந்து இன்னொரு தட்டு சாலட் வாங்கிக்கொண்டார்.

"நான் சொன்னது எங்க?" என்றார் ரோஸ்விதா.

"அதெல்லாம் வெறும் தகவல், மேடம். நான் உங்க மௌனத்தை வெளியே கொண்டுவந்திருக்கேன்."

"எனக்கு ஏதுய்யா மௌனம்? அந்த மிஷின் சத்தத்துல காலமெல்லாம் கத்தியே பேசினவ."

"அந்தக் கத்தலுக்கு அடியில இருக்கற மௌனம்."

"ஆழமான படம்," என்றார் மேயர். "எங்க ஜனங்களுக்கு இதெல்லாம் எங்க புரியப்போகுது."

நான் ஃபென்ஸ்கேவைத் தனியே இழுத்தேன். "அந்த ஒரு இடத்துல மட்டும் உங்க வரியை எடுத்துடலாமே, சார்."

"எடுத்தா அந்தம்மா பேசறது கேட்குமே."

படம் அப்படியே ஒளிபரப்பானது. ஒரு ஓட்டில் ஊர் தோற்றது. கையைத் தூக்கியவர்களில் மேயரும் ஒருவர். ரோஸ்விதாவின் வீடு இருந்த இடத்தில் இப்போது பள்ளம்.

படத்துக்குப் பரிசு கிடைத்தது. 'குரலற்றவர்களுக்குக் குரல் கொடுத்தவர்' என்று பாராட்டினார்கள். நியாயமான பாராட்டுதான். மற்ற எழுத்தாளர்கள் குரலற்றவர்களைத் தேடி ஊர் ஊராக அலைகிறார்கள். நம் ஃபென்ஸ்கே அவர்களைத் தன் கையாலேயே தயாரித்துக்கொள்கிறார்.