ரெண்டு பாறைக்கு நடுவே ஒரு ராஜி

சிலமலை,
ஆனந்த வருஷம், தை மாதம்.

கண்டிச் சீமைத் தேயிலைத் தோட்டத்தில் கங்காணியாக விளங்கும் மச்சான் பெரியகருப்பன் அவர்களுக்கு, தங்கள் தங்கை ராமுத்தாயின் புருஷன் மொக்கச்சாமி வணங்கி எழுதிக்கொண்டது. இவ்விடம் நாங்களும் மாடுகன்றுகளும் சுகம். அவ்விடத்துக் குளிரும் அட்டையும் தங்களை அண்டாதிருக்க மலைமேல் இருக்கிற சாமிகளையெல்லாம் வேண்டிக்கொள்கிறோம்.

நிற்க. எனக்கும் என் சகலை உக்கிரபாண்டிக்கும் நடந்துவந்த எல்லை வழக்கு, நாங்களே சமாதானம் பேசி ராஜியாகி, முன்சீப் கோர்ட்டில் தீர்ப்பும் ஆகிவிட்டது என்பதைத் தெரிவித்துக்கொள்கிறேன். தங்கள் தகப்பனார், போடிமெட்டுச் சரிவிலிருந்த ஏலத்தோட்டத்தைத் தங்கள் தங்கைகள் ராமுத்தாய், வேலுத்தாய் இருவருக்கும் பங்கு வைத்தபோது, கையை நீட்டி, "அந்தப் பாறை வரைக்கும் மூத்தவளுக்கு, அதுக்கு அங்கிட்டு இளையவளுக்கு" என்று சொல்லிவிட்டுக் கண்ணை மூடிவிட்டார். மச்சான், அது மலை. அதுல பாறைக்கா பஞ்சம்? நான் ஒரு பாறையைப் பிடிச்சேன், சகலை ஒரு பாறையைப் பிடிச்சாரு. ரெண்டுக்கும் நடுவுல கிடந்த துண்டு நிலத்துலதான் ஊத்து இருக்கு. கோடையில அந்தத் தண்ணி இல்லைன்னா ஏலச்செடி கருகிப்போகும். யாரு விடுவா? வழக்கு வருஷக்கணக்கா நடந்துச்சு. அக்காளும் தங்கச்சியும் ஒருத்தி வீட்டுக் காதுகுத்துக்கு ஒருத்தி போகலை, சந்தையில கண்டாலும் முந்தானையை இழுத்து முகத்தை மறைச்சுக்கிட்டாக. அந்தத் துண்டுல சகலை ஒரு காவல் பரண் வேற கட்டுனாரு. நான் சும்மா இருப்பேனா? அதை இடிச்சுத் தள்ளணும்னு தனியா ஒரு மனுப் போட்டேன்.

ஐப்பசியில, இடத்தை அளந்து வரச்சொல்லி ஒரு கமிஷன் வக்கீலைக் கோர்ட்டுல அனுப்புனாக. பாவம், செருப்பு அறுந்து, கோட்டெல்லாம் முள்ளு இழுத்து, மலையேறி வந்து அளக்குற சங்கிலியை விரிச்சாரு. நான் என் பாறையைக் காட்டுனேன், சகலை அவரு பாறையைக் காட்டுனாரு. எங்க ரெண்டு பேரையும் பார்க்காம எங்களுக்குப் பின்னாடியே பார்த்துக்கிட்டு நின்னாரு மனுசன். என்னன்னு திரும்பினா, ஒத்தைக் கொம்பன்! தேவாரத்துப் பக்கம் கரும்பைத் தின்னுட்டு விரட்டு வாங்கி வந்த யானையாம். கோட்டு போட்டவரு குரங்கு மாதிரி பரண்ல ஏறிட்டாரு. அடுத்து சகலை. எனக்கு முழங்கால் பிடிப்பு, ஏணியில பாதியிலேயே நின்னுபோனேன். மேலருந்து சகலை எட்டிப்பார்த்துக் கேட்டாரு பாருங்க, "என்ன சகலை, ஏறுறீகளா, இடிக்கிறீகளா?"ன்னு. கேட்டுக்கிட்டே கையையும் நீட்டுனாரு. பிடிச்சேன்.

யானை ஆற அமர ஊத்துல தண்ணி குடிச்சுச்சு. ரெண்டு பக்கத்து வாழையையும் பாகுபாடு இல்லாம தின்னுச்சு. சங்கிலியை மிதிச்சு மண்ணுக்குள்ள இறக்கிருச்சு. கமிஷன் வக்கீல் நடுங்கிக்கிட்டே, "இந்த இடம் யாரு அனுபோகத்துல இருக்குன்னு இப்பத் தெரிஞ்சுபோச்சு"ன்னாரு. எங்களுக்குச் சிரிப்பு பொத்துக்கிட்டு வந்துச்சு. ரொம்ப வருஷம் கழிச்சு நாங்க சேர்ந்து சிரிச்சது அன்னைக்குத்தான்.

சிரிச்சு ஓஞ்சதும் சகலை மெல்லக் கேட்டாரு, "மதினி நல்லாருக்காகளா?" நல்லாருக்கான்னேன். "போன மழைக்கு வேலுத்தாயி காய்ச்சல்ல கிடந்தா. அக்கா, அக்கான்னு அனத்துனா. வழக்காடுற வீட்டுக்கு எப்படிச் சொல்லிவிடுறதுன்னு நானும் இருந்துட்டேன்"னாரு. "ராஜியாப் போயிருவோம் சகலை"ன்னேன்.

அப்படித்தான் எழுதுனோம். துண்டை நடுவுல பிரிச்சுக் கல்லு நடணும், ஊத்து பொது, பரண் இருந்தபடி இருக்கும். கோர்ட்டுல முன்சீப் துரை வாசிச்சுக் காட்டி, "ரெண்டு பேருக்கும் மனசார சம்மதமா?"ன்னு கேட்டாரு. எனக்கு என்ன தோணுச்சோ, "எசமான், ஊத்து அவருக்கே இருக்கட்டும்"னேன். சகலை விடுவாரா? "அதெப்படி, மூத்த பங்குக்குத்தான் சேரணும்"னாரு. "வேண்டாம் சகலை." "நீங்க சும்மா இருங்க சகலை." சத்தம் கூடிருச்சு. துரை மேசையைத் தட்டி, "எடுக்கிறதுக்குச் சண்டை போட்டீங்க, இப்பக் குடுக்கிறதுக்குமா? எழுதுனது எழுதுனபடியே தீர்ப்பு!"ன்னு கையெழுத்துப் போட்டாரு.

வெளியே வந்து பார்த்தா, வேப்பமரத்தடியில உங்க தங்கச்சிக ரெண்டு பேரும் நிக்கிறாக. வேலுத்தாயி, அக்காளோட நெத்தி முடியை ஒதுக்கி, "என்னக்கா, இப்படி நரைச்சுப்போச்சு"ன்னு கேட்டுச்சு. "உன்னைப் பார்க்காமத்தான்டி"ன்னா ராமுத்தாயி. பெறகு ரெண்டு பேரும் அழுத அழுகையில கோர்ட்டு டவாலி சேவகன் வந்து, யாருக்குத் தண்டனைன்னு விசாரிச்சுட்டுப் போனான்.

போன வாரம் தீர்ப்புப்படி நாலு எல்லைக்கல்லும் நட்டாச்சு. இனி யாரும் அசைக்க முடியாது. தாங்கள் கவலையை விட்டு, தங்கள் உடம்பைப் பார்த்துக்கொள்ளவும். மதினிக்கும் பிள்ளைகளுக்கும் எங்கள் அன்பைச் சொல்லி, சுகத்துக்கு ஒரு வரி எழுதவும்.

இப்படிக்குத் தங்கள் மேல் மாறாத பிரியமுள்ள
மொக்கச்சாமி

மறுபடியும்: கடுதாசியை ஒட்டுறதுக்குள்ள தோட்டத்துக்குப் போயிட்டு வந்தேன். உங்க தங்கச்சிக ரெண்டு பேரும் கலந்து பேசி, தோட்டத்தை ஒண்ணாக்கிட்டாகளாம். அதுல நானும் சகலையும் வேலையாளாம். எல்லைக்கல்லைப் பிடுங்கி, மூணை அடுப்பாக்கிக் கறிச்சோறு பொங்குறாக. நாலாவதுல மசாலா நசுக்குறாக. வக்கீலுக்கு மட்டும் தெரியவேண்டாம்.