சித்தூர் நாற்காலி

இடமாற்றப் பட்டியலை முருகேஸ்வரி கணினியில் மூன்று முறை உருட்டிப் பார்த்தாள். பாலக்காட்டுச் சித்தூருக்கு நேராக ஒரே ஒரு பெயர்தான் இருந்தது. சித்ரா.

அந்தச் சித்ரா எதிர் நாற்காலியில் மிக்சர் தின்றுகொண்டிருந்தாள்.

இடுக்கி மலையில், வண்டன்மேட்டு அரசு அலுவலகத்தில் முருகேஸ்வரிக்கு இது ஒன்பதாவது வருடம். கணவன் கந்தப்பன் சித்தூரில் தானே சமைத்து, தன்னைத்தானே திட்டிக்கொண்டு சாப்பிடுகிறான். மாதத்தில் இரண்டு ஞாயிறு மட்டும் குடும்பம். சித்ராவுக்கு என்ன குறை? புருஷன் பக்கத்திலேயே, கட்டப்பனையில். மகள் சித்தூருக்குப் பக்கத்தில், கோயம்புத்தூரில் படிக்கிறாள், அவ்வளவுதானே!

வயிறு எரிந்தது. ஏலக்காய் டீ குடித்தாள். ஏலக்காய் வாசத்தோடு எரிந்தது.

"விடு புள்ள, அடுத்த வருசம் பாத்துக்கலாம்" என்றான் கந்தப்பன் போனில்.

"அவளுக்கு வக்காலத்தா வாங்குறீக? நாளைக்கே வக்கீலப் பாக்கேன்."

அன்றோடு சித்ராவிடம் பேச்சு நின்றது. எர்ணாகுளத்தில் வக்கீல் சுந்தரராமன் மூலம், "நானே சீனியர்" என்று தீர்ப்பாயத்தில் மனுப் போட்டாள். பத்தாம் நாள் சித்ராவின் மாற்றத்துக்கு ஸ்டே கிடைத்தது.

வெற்றிக் களிப்பு ஒரு பகல்தான் நின்றது. ஸ்டே வந்ததால் சித்ரா எங்கும் போகவில்லை. தினமும் எதிரிலேயே உட்கார்ந்திருந்தாள். அவள் சிரித்தால் எரிந்தது. சிரிக்காவிட்டால், ஏன் சிரிக்கவில்லை என்று எரிந்தது.

அப்புறம் அரசுத் தரப்பின் பதில் வந்தது. சித்தூர் இடம் தமிழ் தெரிந்தவருக்கு உரியது. மனுதாரரின் சர்வீஸ் புக்கில் தமிழ் என்ற சொல்லே இல்லை.

முருகேஸ்வரிக்கு அந்தக் குளிரிலும் வியர்த்தது. தமிழ் தெரியும் என்று எழுதினால் மலையில் தூக்கிப் போடுவார்கள் என்று யாரோ சொன்னதைக் கேட்டு, வேலையில் சேர்ந்த அன்று "மலையாளம் மட்டும்" என்று எழுதியிருந்தாள். எப்படியும் மலையில்தான் போட்டார்கள்.

"சார், எனக்குக் கனவுகூட தமிழ்லதான் வருது!"

"ஸ்வப்னத்துக்கெல்லாம் சர்ட்டிபிகேட் கெடையாது, கேட்டேளா" என்றார் சுந்தரராமன். "ஆபீசர்ட்டேந்து ஒரு கடுதாசி வாங்கிண்டு வாங்கோ."

ஆபீசர் மலையாளி, சாது. முருகேஸ்வரிக்குத் தமிழ் நன்றாகத் தெரியும் என்று இரண்டு வரி எழுதினார். அவளுக்குப் போதவில்லை.

"இன்னுங் கொஞ்சம் சேத்து எழுதுங்க சார்."

"சித்ராவும் தமிழ் மனு பாக்கும் அல்லே?"

"அவ என்னத்தப் பாக்கா? எல்லாம் நாந்தான்."

வாசகங்களை அவளே எடுத்துக்கொடுத்தாள். தோட்டத் தொழிலாளர்களின் தமிழ் மனுக்களைப் படித்துத் தீர்ப்பவர் இவர் ஒருவரே. இவர் இல்லாவிட்டால் அலுவலகம் ஒரு நாள்கூட ஓடாது. ஆபீசர் பெருமூச்சு விட்டுக் கையெழுத்திட்டார். முத்திரையை அவளே குத்தினாள்.

தீர்ப்பாயம் அந்தக் கடிதத்தை ஒரு எழுத்து விடாமல் நம்பியது. மனுதாரர் சீனியர்தான், தமிழும் தெரிந்தவர்தான். அவர் இல்லாமல் வண்டன்மேடு ஓடாது என்பதால், அவரை அங்கிருந்து மாற்றவே கூடாது. சித்ராவின் மாற்றத்துக்கு இனித் தடை இல்லை.

மறுநாள் அலுவலகம் வந்தபோது எதிர் நாற்காலி காலியாக இருந்தது. முருகேஸ்வரி கைப்பையைக்கூட இறக்கி வைக்கவில்லை.

"அதுக்குள்ள சித்தூருக்கு ஓடிட்டாளா?" என்றாள், தபால் கட்டோடு வந்த பியூன் சுடலைமணியிடம்.

"சித்ராக்கா இன்னைக்கு லீவு! அவுக எதுக்குச் சித்தூரு போறாக?"

"பின்ன?"

சுடலைமணி தலையைச் சொறிந்தான். "நீங்க ரோசக்காரி, தெரிஞ்சா வேணாம்பீகன்னு சொல்லக் கூடாதுன்னாக. ஆர்டர் வந்த அன்னைக்கே, 'எனக்கு வேண்டாம், புருசனப் பிரிஞ்சு கெடக்குற முருகேஸ்வரி அக்காவ அனுப்புங்க'ன்னு எழுதி என் கையிலதான் மேலாபீசுக்குக் குடுத்து விட்டாக. ஒங்க கேசு முடியட்டும்னுல்ல அதை அங்கன ஓரங்கட்டி வச்சுட்டாக!"