பத்திர எழுத்தர் பார்க்காத வில்லங்கம்

"கம்பியா, நானா? ரெண்டுல ஒண்ணு பாத்துடறேன்!" என்று குணபாலன் சபதம் எடுத்தபோது காலை மணி ஏழு. இன்னும் பல்கூட விளக்கவில்லை.

திருவண்ணாமலை ரிஜிஸ்தர் ஆபீஸ் வாசலில் பத்திரம் எழுதுவது அவர் தொழில். எந்த மனையில் என்ன வில்லங்கம் என்று ஊரே அவரைத்தான் கேட்கும். அப்பேர்ப்பட்டவர் எழுபத்தெட்டாம் வருஷம் வேங்கிக்காலில் தமக்கென்று ஒரு மனை வாங்கினார். பத்திரத்தை நான்கு தடவை படித்தவர், ஒரு தடவைகூட அண்ணாந்து பார்க்கவில்லை. மனைக்கு நட்டநடுவே மேலே மூன்று மின்கம்பிகள் போய்க்கொண்டிருந்தன. அதற்கடியில் வீடு கட்டக் கூடாது என்று மின்வாரியம் சொல்லிவிட்டது.

வாடகை வீட்டில் மழைக்கு எட்டுப் பாத்திரம் வைத்துச் சலித்த தர்மவதி அன்றைக்கே சொன்னாள்: "பக்கத்து மனை சும்மாதானே கெடக்குது? அத்த வாங்கிக் கட்டிட்டா இன்னாங்க?"

"பத்திரம் எழுதுறவனுக்கே யோசனையா? மனையை மாத்த மாட்டேன். கம்பியத்தான் மாத்துவேன்!"

மூன்று வருஷம் மனு மேல் மனு போட்டார். கம்பி அசையவில்லை. அதனால்தான் இந்தச் சபதம். கம்பியைப் பக்கத்து மனை வழியாகத் திருப்பிவிட வேண்டும் என்று மின்வாரியத்தின் மேல் முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டார். வக்கீல் வேண்டாம், தாமே வாதாடுவார்.

தினமும் பொழுது சாய்வதற்குள் சாப்பிட்டுவிடுகிற சமணர் வீடு அது. இலையில் சோறு விழுந்ததும் ஒத்திகை ஆரம்பிக்கும்.

"பக்கத்து மனை கேக்க நாதியில்லாம கெடக்குது, எஜமான்! இந்த வழக்கில் வாதியாகிய நான்..."

"நீங்க வாதியா? பிடிவாதின்னு இல்ல நெனச்சேன்."

"கிண்டலா? நான் பேசினா எதிராளி கம்பி நீட்டிடுவான்!"

தர்மவதி ரசம் ஊற்றிக்கொண்டே மெதுவாகக் கேட்டாள். "ஒருவேளை அந்த மனைக்காரங்க வந்து நின்னா?"

"வந்தா ஒரே ஒரு பாயிண்டு இருக்குது. 'கம்பி உன் மனை மேல முன்னாடியே போவுதே, தெரிஞ்சிதானே வாங்கினே, உன் தலைவலிய என் தலையில ஏன் கட்டுறே'ன்னு கேட்டா, நான் காலி. ஆனா அது எவனுக்கும் தோணாது."

"இன்னும் கொஞ்சம் ரசம் போட்டுக்கங்க" என்றாள் தர்மவதி.

வாய்தா அன்று முன்சீப் சொன்னார்: "பக்கத்து மனைக்காரருக்கும் நோட்டீஸ் போயிருக்கு. கூப்பிடுங்க."

குணபாலன் சிரித்தார். எவன் வரப்போகிறான்?

டவாலி வாசலுக்குப் போய்க் குரல் கொடுத்தான். "தர்மவதி அம்மாள்! புருஷன் பேர் குணபாலன்! தர்மவதி அம்மாள்!"

கோர்ட்டே வாதியைத் திரும்பிப் பார்த்தது. வாதி சுவரைப் பார்த்தார். கடைசி பெஞ்சிலிருந்து மஞ்சள் பையோடு எழுந்து வந்தாள் தர்மவதி. பையில் பத்திரம் இருந்தது. தாய் வீட்டில் அவளுக்கு விட்ட, மல்லாட்டை என்கிற நிலக்கடலை போடும் கொல்லையை விற்று, போன வருஷம் குணபாலன் காய்ச்சலில் படுத்திருந்த வாரத்தில் வாங்கியிருக்கிறாள். எழுதிக் கொடுத்தவர் பக்கத்து மேஜை ராமதாஸ். ஊருக்கெல்லாம் வில்லங்கம் பார்க்கிற குணபாலன் அந்த ஒரு மனைக்குப் பார்க்கவில்லை. வில்லங்கம் வீட்டிலேயே ரசம் வைத்துக்கொண்டிருந்தது.

"என்னம்மா ஆட்சேபணை?" என்றார் முன்சீப்.

"கம்பி அவர் மனை மேல முன்னாடியே போவுதுங்க. தெரிஞ்சிதானே வாங்கினாரு? அவர் தலைவலிய என் தலையில ஏங்க கட்டணும்?"

முன்சீப் நிமிர்ந்து உட்கார்ந்தார். "நல்ல பாயிண்ட். யாரும்மா உங்க வக்கீல்?"

"வாதிதாங்க."

வழக்கு தள்ளுபடியாயிற்று. வாசலில் குணபாலன் பல்லைக் கடித்தார்.

"புருஷன் மேலயே கோர்ட்டு ஏறிட்டியே, தர்மு!"

"நான் எங்கங்க ஏறினேன்? நீங்க போட்ட வழக்காலதானே எனக்கு நோட்டீஸ் வந்துச்சி! வர்ற தை மாசம் என் மனையில வேலய ஆரம்பிக்கலாம். உங்க மனை வீண் போவாது. கீரை போட்டுக்கலாம்."

அடுத்த வருஷம் வேங்கிக்காலில் வீடு எழும்பியது. புதுமனை புகுவிழா அன்று, ஊர் ஜனமெல்லாம் கூடியிருக்க, வாசற்படியில் தயங்கி நின்றார் குணபாலன். உள்ளிருந்து ஆரத்தித் தட்டோடு வந்த வீட்டுக்காரி சொன்னாள்:

"வலது கால எடுத்து வெச்சி உள்ள வாங்க, வாதி!"