மார்ச் ஒன்பதில் நின்றுபோகும் ரயில்கள்

என் போங்கோல் அவர்களுக்கு,

கெர்த்தி எழுதிக்கொள்வது. இங்கே உங்கள் அண்ணன், நான் அக்கா என்று கூப்பிடும் உங்கள் அண்ணி, ஆறு கோழி, ஒரு பன்றி, நான், எல்லோரும் இருக்கிறோம். அங்கே எப்படி என்று கேட்பதுதான் முறை. பதில் வர வழியில்லை என்பதால் கேட்டதாகவே வைத்துக்கொள்ளுங்கள். செத்தவரைப் போய்ப் போங்கோல், செவிடன் என்று கூப்பிடலாமா என்று அக்கா கோபித்துக்கொள்கிறார்கள். காதில் அந்தக் கம்ப்யூட்டர் ஆட்டத்துக் கறுப்புக் குமிழை மாட்டிக்கொண்டு, சோறு ஆறுகிறது என்று மூன்று தடவை கத்தினாலும் திரும்பாத மனுஷனுக்கு வேறு என்ன பெயர் வைப்பது. திட்டுவதற்கு ஆரம்பித்தது, பதினெட்டு வருஷத்தில் அதுவே செல்லப்பெயராகிப் போனது.

நான் மூன்றாம் வகுப்போடு நின்றவள், பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். வருகிற புதன்கிழமை ஊர் மொத்தமாகச் சேர்ந்து எரிக்கும் சடங்கு. உங்களோடு பதினேழு பேர். இரண்டு வருஷமாக மண்ணுக்குள் காத்திருந்தீர்கள், முறை வந்துவிட்டது. புது வேட்டி, வெற்றிலை, உங்கள் கிராம்பு சிகரெட் எல்லாம் கட்டி வைத்தாயிற்று. அவற்றோடு இந்தக் கடிதத்தையும் வைக்கிறேன். ரயில் விஷயம் என்ன ஆனது என்று தெரியாமல் நீங்கள் போகக்கூடாது.

நீங்கள் போன அன்று காலை முட்டைக்கோஸ் லாரியை எடுக்கும் முன்னால் பத்து நிமிஷம் என்று கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்தீர்கள். ரயில் ஆட்டத்தைச் சேமித்துவிட்டு, "சாயங்காலம் வந்து முடிச்சுடுறேன், யாரும் கை வைக்காதீங்க" என்று சொல்லிவிட்டுப் போனீர்கள். டென்பசார் சந்தையில் மூட்டை இறக்கும்போது நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லை. யாரும் கை வைக்கவில்லை. நானும் ஒரு வருஷம் துணி போட்டு மூடித்தான் வைத்திருந்தேன். பிறகு ஒரு நாள் தூசி தட்டப்போய்ப் பொத்தானை அழுத்திவிட்டேன். ரயில் ஓடியது. நம் பாலித் தீவில் ஒரு முழம் தண்டவாளம் கிடையாது, நீங்களும் கடல் தாண்டிக் கெதாபாங்கில் ஒரே ஒரு தடவை நின்ற ரயிலை வேடிக்கை பார்த்ததோடு சரி, ஆனால் அந்தப் பெட்டிக்குள் மலை, ஆறு, பாலம் எல்லாவற்றின் மேலும் தண்டவாளம் போட்டு வைத்திருக்கிறீர்கள். ஆட்டத்துக்குள் அப்போது எழுபத்துநாலாம் வருஷம் மார்ச் ஐந்து. ஆறு, ஏழு, எட்டு என்று போய் ஒன்பதாம் தேதி வந்ததும் எல்லாம் நின்றது. ரயில் பாலத்து நடுவில் நிற்கிறது. புகை வானத்தில் நிற்கிறது. சத்தம் மட்டும் டுர்ர்ர் என்று ஒரே இடத்தில் நின்று அழுகிறது. சில நாள் அப்படி. சில நாள் படக்கென்று ஆட்டமே மறைந்து, ஒரு சின்னக் கட்டம் வந்து ஆங்கிலத்தில் மன்னிப்புக் கேட்கும். திரும்ப ஆரம்பித்தால் மறுபடி மார்ச் ஐந்து. ஆட்டத்தில் நாலு நாள் என்பது நமக்கு மூன்று நிமிஷம். இந்த ஒரு வருஷமாக நான் அந்த மூன்று நிமிஷத்தில்தான் குடியிருந்தேன்.

மூன்று மாதம் முன்னால் அக்கா என்னைக் குறி கேட்கக் கூட்டிப்போனார்கள். போகிறவருக்கு என்ன குறை என்று கேட்காமல் எரிப்பது நம்மில் இல்லையே. குறிகாரர் கண்ணை மூடினார், ஒரு கொட்டாவி விட்டார், உங்கள் குரல் என்று சொல்லிவிட்டுத் தன் குரலிலேயே பேசினார். "பாதியிலே நிக்குது. முடிக்காம எப்படிப் போவேன்." அவ்வளவுதான். வீட்டுக்கு வந்ததும் ஆளுக்கு ஒன்று சொன்னார்கள். "பன்னிக்கொட்டில் சுவருதான். நாலு வரிசையோட நிறுத்திட்டுப் போனான், அதைத்தான் சொல்றான்" என்று உங்கள் அண்ணன் நாலே நாளில் சுவரை எழுப்பிவிட்டார். பன்றி இப்போது ராஜா மாதிரி இருக்கிறது. அக்காவோ நீங்கள் பாதியில் விட்ட ரத்த அழுத்த மாத்திரைதான் என்று அதைப் பூத்தட்டில் வைத்துப் படைத்தார்கள். நான் போய்க் கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்தேன். எது பாதியில் நிற்கிறது என்று எனக்குத் தெரியும்.

அக்கா அதையும் கண்டுபிடித்துவிட்டார்கள். "கெர்த்தி, சோத்தைப் போட்டு வச்சுட்டு நீ அந்தப் பொட்டி முன்னாடி உக்காந்திருக்கே. தம்பி ஆவி அதுக்குள்ளயே சுத்துது. நீதான் கூப்பிட்டுக் கூப்பிட்டுப் பிடிச்சு வச்சிருக்கே. எரிக்கிறதுக்கு முன்னாடி அது வீட்டை விட்டுப் போகணும், சொல்லிட்டேன்."

"ஒரே ஒரு தடவை ஒன்பதாம் தேதியைத் தாண்டட்டும் அக்கா. அப்புறம் போகட்டும்."

"தாண்டலைன்னா?"

"தாண்டும்."

"நீ அவனுக்குப் பொண்டாட்டியா, ஸ்டேஷன் மாஸ்டரா?"

அவர்கள் கேட்டதிலும் நியாயம் இருக்கிறது. அந்த மாதம் என் சட்டை எல்லாம் தொளதொளவென்று ஆகியிருந்தது.

சரி, நம் முறைப்படி ஆரம்பிப்போம் என்று தும்பெக் லண்டெப் நாளுக்குக் காத்திருந்தேன். இரும்புக்குப் படைக்கும் நாள், அரிவாள், கத்தி, அண்ணன் மோட்டார் சைக்கிள், அக்காவின் சோறு வடிக்கும் மின்சாரப் பானை, எல்லாவற்றோடும் கம்ப்யூட்டரையும் வரிசையில் வைத்தேன். ஓலைத் தோரணம் கட்டி, மேலே பூத்தட்டு, ஊதுபத்தி, நெற்றி இருக்கவேண்டிய இடத்தில் மூன்று அரிசி. ஓடுகிற நிலையில் இருந்தால்தான் ஆசி உள்ளே போகும் என்று ஆட்டத்தையும் ஓடவிட்டுத் தீர்த்தம் தெளித்தேன். நீங்கள் லாரிக்குத் தெளிப்பீர்களே, அந்த அளவுக்கு. பின்பக்கம் ஓட்டை ஓட்டையாக இருந்தது, அங்கேயும் தெளித்தேன். புகை வந்தது. ஊதுபத்தி என்று நினைத்தேன். அக்கா கையைக் கூப்பி, "பாரு, ஏத்துக்கிட்டான்" என்று கண்கலங்கினார்கள். அப்புறம்தான் நாற்றம் வந்தது. படம் கறுத்துப்போனது. ஈரம் போகட்டும் என்று பெட்டியைத் திறந்து, காப்பிக்கொட்டை காயும் தார்ப்பாயில் ஓரமாக இரண்டு நாள் வெயிலில் வைத்தேன். காப்பிக்கொட்டையைக் கோழி தொடாது என்று தெரியும், கம்ப்யூட்டரைத் தொடும் என்று யாருக்குத் தெரியும்.

தபனானில் பழுதுபார்க்கும் கடை வைத்திருக்கும் மாஸ் குன்தோரோவிடம் மடியில் வைத்துக் கொண்டுபோனேன். கடல் தாண்டி ஜாவாவிலிருந்து வந்தவர், பொறுமைசாலி. உள்ளிருந்து சம்பங்கி இதழ், சாம்பல், அரிசி, ஒரு இறகு என்று ஒவ்வொன்றாக எடுத்து மேசையில் வைத்தார். "அம்மா, நான் எலி பார்த்திருக்கேன், பல்லி பார்த்திருக்கேன். முழு பூசையையும் இப்பத்தான் பார்க்கிறேன்" என்றார். கருகிய பாகத்தை மாற்றினார். ஆட்டம் ஓடியது. ஒன்பதாம் தேதி நின்றது. எனக்கு அழுகையோடு சிரிப்பும் வந்தது, இத்தனை அடி பட்டும் அது தேதியை மறக்கவில்லை பாருங்கள்.

பழைய ஆட்டம் ஆடுகிறவர்கள் கூடும் பக்கம் ஒன்று இணையத்தில் இருக்கிறதாம். மாஸ் குன்தோரோ அங்கே எழுதிப்போட்டார். ஊர் பேர் தெரியாத ஜனங்கள் வைத்தியம் சொன்னார்கள். சத்தத்தை அணைத்தால் நிற்காது என்றார் ஒருவர். அணைத்தோம், சத்தமில்லாமல் நின்றது. படத்தின் அளவைக் குறைக்கச் சொன்னார் இன்னொருவர். குறைத்தோம், மங்கலாக நின்றது. கம்ப்யூட்டரை இன்னும் பழைய கம்ப்யூட்டர் போல நடிக்கவைக்க ஒரு இடம் இருக்கிறது, அதில் குறி போடுங்கள் என்றார்கள். இதுவே கிழம், இது இன்னும் எவ்வளவு கிழமாக நடிக்கும் என்று கேட்டுக்கொண்டே போட்டோம். நடித்தது, பழைய காலத்து ஆள் மாதிரி நிதானமாக நின்றது. ஆட்டத்தின் தட்டில் கீறல் இருக்கலாம், பற்பசை வைத்துத் தேய்த்தால் போகும் என்று ஒருவர் சொன்னதை நம்பிக் கொஞ்சம் தாராளமாகவே தேய்த்துவிட்டேன். இப்போதும் பெட்டியைத் திறந்தால் காலையில் பல் விளக்கிய வாசனை.

கடைசியில் ஆட்டத்தை முழுதாக எடுத்துவிட்டுத் திரும்பப் போடச் சொன்னார்கள். போட்டார். திறந்தால் பட்டியலில் ஒன்றுமே இல்லை. உங்கள் மார்ச் ஐந்து இல்லை. நான் நாற்காலியில் இருந்தவள் எப்போது தரையில் உட்கார்ந்தேன் என்று தெரியாது. சந்தையிலிருந்து உங்களைக் கொண்டுவந்து இறக்கியபோதுகூட நான் அப்படி அழவில்லையாம், கூட வந்திருந்த அக்கா சொன்னார்கள். மாஸ் குன்தோரோ பதறிப்போய், "அம்மா, அம்மா, முன்னாடியே தனியா எடுத்து வச்சிருக்கேன், இதோ, இதோ பாருங்க" என்று சட்டைப்பையிலிருந்து ஒரு விரல் அளவு குச்சியைக் காட்டினார். அதற்குள் இருக்கிறீர்கள் என்றார். ஆட்டம் இருக்கிறது என்பதைத்தான் அவசரத்தில் அப்படிச் சொல்லிவிட்டார்.

அந்தக் குச்சியில் இருந்ததைச் சுராபாயாவில் ஒருவருக்கு அனுப்பினார். அவர் முகத்துக்குப் பதில் ஒரு பூனைப் படம் வைத்திருப்பதால் நான் பூனைக்காரர் என்று சொல்வேன். பூனைக்காரர் நாலு நாள் கழித்துப் பதில் போட்டார். மாஸ் குன்தோரோ வீட்டுக்கே வந்து போனைப் பார்த்துச் சொன்னார்.

"ஆட்டம் கெட்டுப்போகலை அம்மா. ஆட்டத்துல சந்தை நிலையத்துல நிக்குதே மஞ்சள் ரயில், அதுதான். ஒன்பதாம் தேதி அது கிளம்புது. எங்கே போகணும்னு ஐயா சொல்லி வச்சிருக்கார், ஆனா அங்கே போறதுக்குத் தண்டவாளம் போடலை. அது வழியைத் தேடுது, தேடிக்கிட்டே இருக்கு. அந்தத் தேடல்ல மத்ததெல்லாம் நின்னுபோகுது."

"எங்கே போகணுமாம்?"

அவர் போனை என் பக்கம் திருப்பிக் காட்டினார். "நிலையத்துப் பேரு கெர்த்தின்னு போட்டிருக்கு."

படத்தின் மேல் மூலையில், நான் ஒரு நாளும் நகர்த்திப் பார்க்காத இடத்தில் இருந்தது. சின்ன நிலையம். ஒரு விளக்கு, ஒரு பெஞ்சு. அந்த ரயிலை அழித்துவிட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்று பூனைக்காரர் எழுதியிருந்தார்.

அழித்துவிட்டேன். இன்று காலை, பூ வைத்து முடித்த கையோடு. ஒன்பது தாண்டியது, பத்து தாண்டியது, ஏப்ரல் வந்தது, மழை பெய்தது, எல்லா ரயிலும் ஓடுகின்றன. பாதியில் எதுவும் நிற்கவில்லை. நாளைக் காலை மாஸ் குன்தோரோ வண்டியோடு வந்து கம்ப்யூட்டரை எடுத்துக்கொண்டு போவார். அக்கா சொன்னதுதான் சரி. நான் வேளைக்குச் சாப்பிடுகிறேன். நீங்கள் பின்னால் திரும்பிப் பார்க்க வேண்டாம்.

அண்ணன் வணக்கம் சொல்லச் சொன்னார், சுவர் கோணலில்லாமல் வந்திருக்கிறது என்றும் சொல்லச் சொன்னார். அக்கா ஆசி சொன்னார்கள். நெருப்பு நல்லபடி பிடிக்கட்டும், கடல் நல்லபடி வாங்கிக்கொள்ளட்டும், திரும்ப வருவதானால் நல்ல வீட்டில், நல்ல நெஞ்சோடு பிறந்து வாருங்கள்.

இப்படிக்கு,
உங்கள் கெர்த்தி

பின்குறிப்பு: அக்கா இது வரை படித்துவிட்டு, முந்தானையில் மூக்கைத் துடைத்துக்கொண்டு, "இப்பத்தான் நீ அவனை வழியனுப்புறே" என்று சொல்லிவிட்டு ஓலை பின்னப் போய்விட்டார்கள். இனி நமக்குள். நான் அழிக்கவில்லை. அம்புக்குறியை மஞ்சள் ரயில் மேல் வைத்தேன், நிஜமாகத்தானா என்று அது கேட்டது, இல்லை என்பதை அழுத்தினேன். ஏப்ரல் வரவில்லை, மழையும் பெய்யவில்லை, மாஸ் குன்தோரோவை நான் வரச் சொல்லவும் இல்லை. நேற்றிலிருந்து சாப்பிடவும் இல்லை, அது போகட்டும். ஆட்டத்தில் கல்லுடைக்கும் ஆலைக்கு நீங்கள் அக்கா பெயரை வைத்திருப்பதை அவர்கள் கண்ணில் படாமல் காப்பாற்றி வருகிறேன், அதற்காவது என்னை மன்னியுங்கள்.

அழிக்க மனமில்லையென்றால் விட்டுப்போன தண்டவாளத்தைப் போட்டுவிடுங்கள், அதுவும் சரியாகும் என்று பூனைக்காரர் சொன்னார். எப்படி என்று படம் படமாக அனுப்பினார். நான் கற்றுக்கொண்டேன். ஆனால் தண்டவாளம் முடிகிற இடத்துக்கும் என் நிலையத்துக்கும் நடுவில் ஒரு ஏரி இருக்கிறது. ஏரியைச் சுற்றியும் நீங்கள் தண்டவாளத்துக்கென்று மரத்தை வெட்டி வைத்திருக்கிறீர்கள், மலைப் பக்கமும் வெட்டி வைத்திருக்கிறீர்கள். குறிகாரரைக் கேட்டால் உங்கள் அண்ணன் இன்னொரு சுவர் கட்டிவிடுவார். நாளை மறுநாள் உங்களைத் தோண்டி எடுக்கிறார்கள், அதற்குள் நான் போட்டு முடிக்க வேண்டும், உங்கள் வழியில் போட வேண்டும், என் வழியில் அல்ல. ஏரியைச் சுற்றிக்கொண்டா, மலையைக் குடைந்துகொண்டா, எந்தப் பக்கமா என்கிட்ட வர்றதா இருந்தீங்க?