மாத்திரை எதுவுமே போடாதவர்

டாக்டரிடம் பொய்யைச் சொல்லிவிட்டு, அந்தப் பொய்க்குச் சரியான மருந்தை எதிர்பார்க்கிற ஓர் இனம் உலகெங்கும் பரவியிருக்கிறது. படித்தவர், படிக்காதவர் என்ற பேதம் அதில் கிடையாது. அதன் தலைவர் பதவிக்குத் தேர்தல் வைத்தால் நான் போட்டியின்றி ஜெயிப்பேன்.

இந்த இனத்தவரை அடையாளம் காண்பது சுலபம். ஐந்து நாளுக்கு எழுதிக் கொடுத்த ஆன்டிபயாடிக்கை இரண்டாம் நாள் காய்ச்சல் இறங்கியதும் நிறுத்திவிட்டு, மிச்சத்தைப் பழைய பிஸ்கட் டப்பாவில் போட்டு, டப்பாவை மனைவி தேடாத இடத்தில் வைத்து, அடுத்த முறை உடம்பு கொதித்தால் நிறத்தைப் பார்த்தே இரண்டு எடுத்து முழுங்கிவிட்டு, மறுநாள் டாக்டர் முன்னால் பச்சைக் குழந்தை மாதிரி உட்கார்ந்திருப்பார். ஏன் மறைக்கிறார்? திட்டுவார்கள் என்ற பயமா? பயமாவது! மானம் போய்விடுமே என்ற கவலை.

எனக்கு மானம் கொஞ்சம் அதிகம். கடைத் தராசுகளைச் சோதிக்கும் இன்ஸ்பெக்டர் வேலை. தட்டுக்கு அடியில் ஒட்டிய காந்தத்தைப் பார்க்கும் முன்பே கடைக்காரர் முகத்தைப் பார்த்துக் கண்டுபிடித்துவிடுவேன். அப்படிப்பட்ட எனக்கு மூன்று வாரமாகச் சாயங்காலமானால் குளிர்காய்ச்சல். பிறவியிலேயே இதய வால்வில் ஒரு சின்னக் கசிவு வேறு உண்டு. ஆஸ்பத்திரியில் சேர்த்துக்கொண்டார்கள்.

"பல்லுல ஏதாவது தொந்தரவு?" என்றார் டாக்டரம்மா.

"பல்லா? கல்லு மாதிரி இருக்கு."

ஓட்டைக் கடைவாய்ப் பல்லை இரண்டு மாதமாகச் சேஃப்டி பின்னை வைத்துத் தோண்டிக்கொண்டிருந்தவன் சொன்ன பதில் இது.

"ஆன்டிபயாடிக் ஏதாவது போட்டீங்களா?"

"சேச்சே!"

"அவர் அப்படியெல்லாம் செய்யமாட்டார் டாக்டர்," என்று பக்கத்திலிருந்த என் மனைவி பெருமையாக உத்தரவாதம் கொடுத்தாள். அதற்குப் பிறகு எப்படி வாயைத் திறப்பது? என் சட்டைப்பையில் இருந்த மாத்திரை அட்டையை அமுக்கிக்கொண்டேன். வார்டிலும் சாயங்காலம் ஒன்று, கழிவறைக்குப் போய், சத்தமில்லாமல்.

ரத்தம் எடுத்துப் பாட்டில்களில் ஊற்றிக் கிருமி வளர்கிறதா என்று பார்த்தார்கள். எதுவும் வளரவில்லை. உடனே கொசுவைச் சந்தேகப்பட்டார்கள். காசத்தைச் சந்தேகப்பட்டார்கள். "வீட்டுல ஆடு வளர்க்கிறீங்களா?" என்றுகூடக் கேட்டார்கள். ஆட்டு விஷயத்தில் நான் அரிச்சந்திரன். சத்தியமாக இல்லை என்றேன்.

பிறகு ஸ்கேனில், வால்வில் அரிசியளவு ஏதோ தொங்கி ஆடுவது தெரிந்தது.

"எந்தக் கிருமின்னு தெரியாம மருந்தை முடிவு பண்றது கஷ்டம். வால்வை அரிச்சுட்டா நெஞ்சைத் திறந்துதான் ஆகணும்," என்றார் டாக்டரம்மா. மனைவி கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு அழுதாள். செத்துப்போவேனோ என்று அன்றுதான் நிஜமாகப் பயந்தேன்.

அப்போதாவது உண்மையைச் சொன்னேனா?

"ஒண்ணு ரெண்டு மாத்திரை போட்டிருக்கலாம்..."

"எத்தனை?"

"நாலு."

மனைவி என் பையில் கையை விட்டு அட்டையை எடுத்தாள். எட்டுக் குழி காலி.

"என்னையும் சேத்து பொய் சொல்ல வச்சுட்டீங்களே!" என்றாள். அட்டையை டாக்டரம்மாவின் கையில் கொடுத்தாள்.

டாக்டரம்மா மாத்திரையை நிறுத்தி, சில நாள் பொறுத்து மறுபடி ரத்தம் எடுத்தார். "வாய்க்குள்ளயே குடியிருக்கற அபூர்வமான கிருமியா இருக்கலாம். பல் வழியா ரத்தத்துல இறங்கி வால்வுல போய் உக்காந்துக்கும். பாட்டில்ல லேசுல வளராது. போதாக்குறைக்கு நீங்க வேற அதை அரை உசுரா ஆக்கி வச்சிருக்கீங்க," என்றார். பாட்டில்களை வழக்கமான நாள் முடிந்ததும் கொட்டிவிடாமல் வைத்திருக்கச் சொன்னார். ஒன்பதாம் நாள் லேபிலிருந்து போன் வந்தது. வளர்ந்துவிட்டது. அவர் சொன்ன அதே வகை. என் வாயிலிருந்து வந்தவற்றில் உண்மையைச் சொன்னது அந்தக் கிருமி ஒன்றுதான்.

நான்கு வாரம் நரம்பில் ஊசி. நெஞ்சைத் திறக்கவில்லை, பிழைத்தேன். கசிவு மட்டும் கொஞ்சம் பெரிதாகிவிட்டது. மாடிப்படியில் பாதியில் நின்று, யாரையோ தேடுவதுபோல் பாவனை செய்கிறேன்.

புத்தி வந்ததா என்கிறீர்களா? போன மாதம் டாக்டரம்மா கேட்டார்: "பல் டாக்டரைப் பாத்தீங்களா?"

"போன வாரமே பாத்துட்டேன்," என்றது நாக்கு, என்னைக் கேட்காமலே. மனைவி எழுந்து, என் கையைப் பிடித்து, அங்கிருந்து நேராகப் பல் டாக்டரிடம் இழுத்துக்கொண்டு போனாள்.

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். கடைசியாக டாக்டர் உங்களைக் கேட்டபோது நீங்கள் என்ன சொன்னீர்கள்? "நானா? நான் அப்படியெல்லாம் இல்லை" என்று இப்போது மனத்துக்குள் ஒரு குரல் சொன்னதே, அது எனக்கு நன்றாகத் தெரிந்த குரல். நான்கு வாரம் ஊசி போட்டும் அதற்குக் குணமாகவில்லை.