கதவில் நசுங்காத கட்டைவிரல்

பெருமதிப்பிற்குரிய அப்பாவுக்கு,

இங்கு நான் நலம். அங்கு நீங்கள் நலமா என்று கேட்டுத் தாளை வீணாக்கப் போவதில்லை. ஒரே மாதத்தில் மூன்று டாக்டர் சீட்டை இன்சூரன்ஸுக்கென்று படம் பிடித்து அனுப்பியிருக்கிறீர்கள். போனில் விவரம் கேட்டால் "சிக்னல் இல்லப்பா" என்று வைத்துவிடுகிறீர்கள். கடிதத்துக்கு சிக்னல் வேண்டாம்.

என் வேலை என்னவென்று உங்களுக்கு இன்றுவரை தெரியாது. "ஏதோ கம்ப்யூட்டர்ல ஆஸ்பத்திரி வேலை" என்று சொந்தக்காரர்களிடம் சமாளிக்கிறீர்கள். நான் மெடிக்கல் கோடர். டாக்டர் எழுதிய காயத்தைப் படித்து அதற்குரிய எண்ணைப் போடுபவன். என் பிரிவு கையும் மணிக்கட்டும். எலும்பு முறிந்தால் வேறு ஆள். தோல், தசை, தசைநார் என்றால் நான். இடதா வலதா, எந்த விரல், எப்படி அடிபட்டது, எல்லாவற்றுக்கும் தனித்தனி எண். "காரணம் தெரியவில்லை" என்று போட்டால் எங்கள் டீம் லீடர் "யாரை ஏமாத்துற?" என்று திருப்பி அனுப்புவார். நாளுக்கு எண்பது கை பார்க்கிறேன் அப்பா, என்னிடமே கதை விடுகிறீர்கள்.

முதல் சீட்டு: இரண்டு உள்ளங்கையிலும் சிராய்ப்பு, மண்துகள் அகற்றப்பட்டது. "பாத்ரூம்ல வழுக்கிடுச்சு" என்றீர்கள். நம் பாத்ரூமில் ஜல்லி எப்போது கொட்டினீர்கள்? இரண்டாவது: இடது கட்டைவிரல் அடியில் தசைநார்ச் சுளுக்கு. "கதவுல நசுங்கிடுச்சு." கதவில் நசுங்கினால் நகம் கறுக்கும், தோல் கிழியும், இந்த விரல் வெளிப்பக்கமாக மடங்கியிருக்கிறது. ஹேண்டில்பாரை விடாமல் பிடித்துக்கொண்டு விழுகிறவருக்குத்தான் அப்படி மடங்கும். மூன்றாவது: வலது மணிக்கட்டுச் சுளுக்கு. "பால் பாக்கெட் தூக்கினதுல." தூக்கியது பாலையா, மாட்டையா?

ஆக, கண் ஆபரேஷனுக்குப் பிறகு தொடவே கூடாது என்று நான் சொன்ன ஸ்கூட்டரைத் திருட்டுத்தனமாக ஓட்டுகிறீர்கள். சாவி அம்மாவிடம் இருக்கிறது, அவள் தரமாட்டாள், எனவே கள்ளச்சாவி போட்டிருக்கிறீர்கள். போன வாரம் போனில் "பிரேக்கைப் பிடி, பிரேக்கைப் பிடி!" என்று கத்திவிட்டு "டிவில படம்பா" என்றீர்களே, அந்தப் படத்தில் உங்கள் குரலில் நடித்தது யார்? வண்டியிடம் பேசுகிற அளவுக்குப் போய்விட்டீர்கள். "அம்மாவக் கூப்பிடுங்க" என்றால் "வெளிய போயிருக்கா, வந்துடுவா." தினமும் சாயங்காலம் ஆறு மணிக்கு எங்கே போகிறாள்? உண்மையைச் சொல்லிவிடுவாள் என்று நீங்களே அனுப்பிவிடுகிறீர்கள்.

இனிமேல் அடிபட்டால் கை இல்லை, தலை. தலைக்காயம் பார்க்கிறவன் எனக்குப் பக்கத்து மேஜை. பாதி நாள் டிபன் பாக்ஸைத் திறக்காமலே வீட்டுக்குக் கொண்டுபோகிறான். உங்கள் தாள் எந்த ஊரிலும் அப்படி ஒரு மேஜைக்குப் போகக் கூடாது. வண்டியை விற்கச் சொல்லிவிட்டேன், மெக்கானிக் சனிக்கிழமை வந்து எடுத்துப்போவார், மறுபேச்சுப் பேசாமல் கொடுங்கள். ஞாயிறு காலை ரயிலில் நானே வந்து உங்கள் கையைப் பார்க்கிறேன்.

அம்மாவை விசாரித்ததாகச் சொல்லவும். அந்த வீட்டில் நம்பத் தகுந்த ஆள் அவள் ஒருத்திதான்.

பாதி பாசத்தோடும் பாதி சந்தேகத்தோடும்,
உங்கள் மகன்

பி.கு.: உறையை ஒட்டுமுன் இன்சூரன்ஸ் படிவத்தை நிரப்ப மூன்று சீட்டையும் மறுபடி பார்த்தேன். ஆபீசில் நோயாளியின் பெயரை மறைத்துத்தான் எங்களுக்குத் தருவார்கள். ஆறு வருடமாக அந்த வரியைப் படித்துப் பழக்கமே இல்லை. படிவத்தில் பெயர் கேட்டதால் படித்தேன். மூன்றிலும் அம்மா பெயர். உடனே போன் செய்தேன், அவளே எடுத்தாள். ஞாயிறு வருவதையும் சொன்னேன்.

"உங்கிட்ட சொன்னா விடுவியா? அப்பாவுக்குக் கண்ணு சரியில்லன்னா வீட்ல யாராவது ஓட்டித்தான ஆகணும்? அவருதான் கத்துக்குடுத்தாரு. மெக்கானிக் போன் பண்ணினாரு, வர வேணாம்னுட்டேன். நேத்து லைசென்ஸ் வந்துடுச்சு. ஞாயித்துக்கிழமை ஸ்டேஷனுக்கு நானே வர்றேன். பின்னால உக்காந்துக்கிட்டு வாயத் தொறந்த, பாதி வழியிலயே எறக்கி விட்டுருவேன்."